உபுண்டு 24.04-இல் ஃப்ளெக்ஸ்நெட் லைசென்ஸ் சர்வர்: கோப்பு கண்முன்னே இருக்கிறது, ‘இல்லை’ என்கிறது

கரையோரக்காகம் (கேள்வி)

புதிதாகப் போட்ட உபுண்டு சர்வர் 24.04, 64 பிட், கேவிஎம்மில் ஓடும் விஎம் (மெய்நிகர் இயந்திரம்). ஒரு சிமுலேஷன் மென்பொருளுக்கான ஃப்ளெக்ஸ்நெட் லைசென்ஸ் சர்வரை (பயனர்களுக்கு லைசென்ஸை எண்ணிக் கொடுக்கும் சேவை) இதில் ஏற்ற வேண்டும். வெண்டார் கொடுத்த தொகுப்பைப் பிரித்து /ஆப்ட்/ஃப்ளெக்ஸ்எல்எம்/பின் என்ற அடைவில் வைத்தேன். உள்ளே மூன்று பைனரிகள்: எல்எம்ஜிஆர்டி (தலைமை டீமன், அதாவது பின்னணியில் ஓடும் சேவை), எல்எம்யூடில் (நிர்வாகக் கருவி), வெண்டார் டீமன் (லைசென்ஸ்களைக் கொடுப்பது). மின்னஞ்சலில் வந்த லைசென்ஸ் கோப்பும் கையில் இருக்கிறது.

எல்எம்ஜிஆர்டியை ஓட்டினால் ஷெல் உடனே ‘அப்படி ஒரு கோப்போ அடைவோ இல்லை’ என்கிறது. எல்எஸ் போட்டால் கோப்பு இருக்கிறது. அனுமதி 755. ரூட்டாக ஓட்டினாலும் அதே பதில். செக்சம் வெண்டார் பக்கத்தில் உள்ளதோடு பொருந்துகிறது. தொகுப்பை இரண்டு முறை இறக்கிப் பார்த்தாயிற்று.

லைசென்ஸ் சாவி தவறாக இருந்தால் இப்படி வருமா? புதிய சாவி கேட்டால் இரண்டு வேலை நாள் ஆகும் என்கிறார்கள். கேட்கும் முன் உறுதிசெய்துகொள்ள விரும்புகிறேன்.

டெர்மினல்திண்ணை

சாவிக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை. பைனரி இன்னும் ஓடவே தொடங்கவில்லை. லைசென்ஸ் கோப்பை அது திறந்துகூடப் பார்த்திருக்காது. புதிய சாவி கேட்காதீர்கள்.

கர்னல் ‘இல்லை’ என்று சொல்வது எல்எம்ஜிஆர்டியை அல்ல. அதை நினைவகத்தில் ஏற்றவேண்டிய லோடரைச் சொல்கிறது. ஒவ்வொரு டைனமிக் பைனரிக்குள்ளும் ‘என்னை இந்த லோடரால் ஏற்று’ என்று ஒரு பாதை எழுதியிருக்கும். சாதாரண உபுண்டு பைனரியில் அது /லிப்64/எல்டி-லினக்ஸ்-எக்ஸ்86-64.எஸ்ஓ.2. ஃப்ளெக்ஸ்நெட் பைனரிகள் பல எல்எஸ்பி என்ற பொது லினக்ஸ் தரத்துக்கு ஏற்பத் தொகுக்கப்பட்டவை. அவை தேடுவது /லிப்64/எல்டி-எல்எஸ்பி-எக்ஸ்86-64.எஸ்ஓ.3. அந்தப் பெயரில் உங்கள் இயந்திரத்தில் எதுவும் இல்லை. கர்னல் திருப்பித் தருவது ‘கோப்பு இல்லை’ என்ற ஒரே பிழை எண்தான். எந்தக் கோப்பு என்று அது சொல்வதில்லை. ஷெல் அதை வாங்கி நீங்கள் தட்டிய பெயருக்குப் பக்கத்தில் ஒட்டிவிடுகிறது. குழப்பம் அங்கேதான்.

நம்பாவிட்டால் ஃபைல் கமாண்டை அந்தப் பைனரியின் மேல் ஓட்டுங்கள். பதிலில் ‘இன்டர்ப்ரெட்டர்’ என்ற சொல்லுக்குப் பின் வரும் பாதையைப் பாருங்கள். ரீட்எல்ஃப் -எல் கூட அதையே காட்டும். மூன்று பைனரிகளுக்கும் தனித்தனியாகப் பாருங்கள். எல்எம்ஜிஆர்டி 64 பிட், வெண்டார் டீமன் மட்டும் பழைய 32 பிட் என்று கலந்து வரும் தொகுப்புகள் உண்டு.

தீர்வு உபுண்டு பதிப்பைப் பொறுத்தது. 22.04 வரை எல்எஸ்பி-கோர் என்ற தொகுப்பை ஏப்ட் மூலம் போட்டாலே அந்தப் பெயர் வந்துவிடும். 24.04-இல் அந்தத் தொகுப்பு கிடையாது. ரெட்ஹாட் வகையிலும் இதே கதை: 7, 8-இல் ரெட்ஹாட்-எல்எஸ்பி-கோர் இருந்தது, 9-இல் எடுத்துவிட்டார்கள். எனவே சிம்லிங்க் (இன்னொரு கோப்பைச் சுட்டும் பெயர்) ஒன்றைக் கையால் போடுவதுதான் வழி:

சுடூ எல்என் -எஸ் எல்டி-லினக்ஸ்-எக்ஸ்86-64.எஸ்ஓ.2 /லிப்64/எல்டி-எல்எஸ்பி-எக்ஸ்86-64.எஸ்ஓ.3

கடைசி எண்ணைக் கவனியுங்கள்: மூலம் 2-இல் முடிகிறது, புதிய பெயர் 3-இல் முடிகிறது. இரண்டையும் ஒரே எண்ணாகத் தட்டிவிட்டு ‘இன்னும் வேலை செய்யவில்லை’ என்பவர்கள்தான் அதிகம்.

வெண்டார் டீமன் 32 பிட்டாக இருந்தால் இது போதாது. டிபிகேஜியில் ஐ386 கட்டமைப்பைச் சேர்த்து, ஏப்ட் அப்டேட் செய்து, ஐ386-க்கான லிப்சி6-ஐயும் போட வேண்டும். அது தேடும் லோடரின் பெயர் எல்டி-எல்எஸ்பி.எஸ்ஓ.3, அதை எல்டி-லினக்ஸ்.எஸ்ஓ.2-க்கு இணைக்க வேண்டும்.

பழையபைப்லைன்

லோடர் சரியானதும் அடுத்து இடிக்கப்போவது /யுஎஸ்ஆர்/டிஎம்பி. இப்போதே சரிசெய்துவிடுங்கள்.

வெண்டார் டீமன் தன் பூட்டுக் கோப்புகளை /யுஎஸ்ஆர்/டிஎம்பி/.ஃப்ளெக்ஸ்எல்எம் என்ற அடைவில் வைக்கப் பார்க்கும். ரெட்ஹாட் வகையில் /யுஎஸ்ஆர்/டிஎம்பி என்பது /வார்/டிஎம்பிக்குப் போகும் சிம்லிங்காக ஏற்கெனவே இருக்கும். டெபியன், உபுண்டுவில் அது இருக்காது. லாகில் ‘அடைவை உருவாக்க முடியவில்லை, பிழை எண் 2’ என்று ஒரு வரி வரும்; அதன் கீழே வெண்டார் டீமன் செத்துவிட்டதாக எல்எம்ஜிஆர்டி நாலைந்து வரி புலம்பும். பார்ப்பவர்கள் கடைசி வரியைப் பிடித்துக்கொண்டு தொங்குவார்கள். காரணம் மேலே இருக்கும்.

சுடூ எல்என் -எஸ் /வார்/டிஎம்பி /யுஎஸ்ஆர்/டிஎம்பி

இணையத்தில் பல இடங்களில் /டிஎம்பிக்கு லிங்க் போடச் சொல்லியிருக்கும். வேண்டாம். /டிஎம்பி ரீபூட்டில் காலியாகும். ரெட்ஹாட் வகையில் /வார்/டிஎம்பியிலும் 30 நாள் தொடப்படாத கோப்புகளை சிஸ்டம்டி-டிஎம்பிஃபைல்ஸ் துடைத்துவிடும் என்பதால், அங்கே ஓட்டுபவர்கள் .ஃப்ளெக்ஸ்எல்எம் அடைவுக்கு ஒரு விலக்கு வரி எழுதிவிடுவது நல்லது.

இன்னொன்று. சோதனைக்காக ரூட்டாக ஓட்டியதாகச் சொல்கிறீர்கள். டீமன் ரூட்டாக ஒருமுறை எழும்பிவிட்டால் பூட்டுக் கோப்பும் லாக் கோப்பும் ரூட்டின் பெயரில் உருவாகிவிடும். பிறகு சாதாரணப் பயனராக ஓட்டினால் அவற்றை எழுத முடியாமல் சாகும். இன்னும் எழும்பவில்லை என்பதால் தப்பித்தீர்கள். லிங்க் போட்ட பிறகு ரூட்டாக ஓட்டாதீர்கள். ஓட்டினால் எல்எம்ஜிஆர்டியே லாகில் ‘ரூட்டாக ஓடுவது பாதுகாப்புக்கு நல்லதல்ல’ என்று எச்சரிக்கும்.

கரையோரக்காகம்

இரண்டு லிங்கும் போட்டேன். எல்எம்ஜிஆர்டிக்கும் வெண்டார் டீமனுக்கும் ஃபைல் காட்டியது நீங்கள் சொன்ன அதே எல்எஸ்பி பாதைதான், மூன்று பைனரிகளும் 64 பிட். எல்எம்ஜிஆர்டி இப்போது எழும்புகிறது, வெண்டார் டீமனும் எழும்புகிறது. ஆனால் லாகில்:

சர்வர் வரியில் உள்ள ஹோஸ்ட் ஐடி தவறு
சர்வர் வரி சொல்வது 024217635908, இந்த இயந்திரத்தின் ஐடி 525400817326
சர்வர் வரியில் செல்லாத ஹோஸ்ட் ஐடி, 12 லைசென்ஸ்கள் முடக்கப்படுகின்றன

சாவி கேட்டபோது எல்எம்ஹோஸ்ட்ஐடி கட்டளை கொடுத்த ஹோஸ்ட் ஐடியைத்தான் (லைசென்ஸ் கட்டப்படும் நெட்வொர்க் முகவரி) அனுப்பினேன். மேற்கோள் குறிக்குள் இரண்டு எண்கள் வந்தன. முதலில் இருந்ததை அனுப்பினேன். அது இதே விஎம்மின் எண்தான். நேற்று ரீபூட் செய்த பிறகு பட்டியலில் அதைக் காணோம், அந்த இடத்தில் 0242 என்று தொடங்கும் வேறு எண் இருக்கிறது.

ரூட்டுக்குமேலே

0242 என்று தொடங்குவது டாக்கரின் (கன்டெய்னர் மென்பொருள்) நெட்வொர்க் பாலம். ஐபி லிங்க் என்று தட்டினால் டாக்கர்0 என்ற இன்டர்ஃபேஸ் பக்கத்தில் அந்த எண் நிற்கும். அது எந்த நெட்வொர்க் அட்டையிலும் பொறிக்கப்பட்ட முகவரி அல்ல. டாக்கர் சேவை அந்தப் பாலத்தைக் கட்டும்போது இட்டுக்கட்டியது. அடுத்த முறை கட்டும்போது அதே எண் வரும் என்று எந்த உத்தரவாதமும் இல்லை. உங்கள் லைசென்ஸ் இப்போது இல்லாத ஒரு முகவரிக்கு எழுதப்பட்டிருக்கிறது.

இந்த முறை புதிய சாவி கேட்கத்தான் வேண்டும். ரீஹோஸ்ட் (லைசென்ஸை வேறு ஹோஸ்ட் ஐடிக்கு மாற்றி எழுதுவது) என்று கேளுங்கள். கொடுக்க வேண்டிய எண் 525400817326.

எந்த எண்ணைக் கொடுப்பது என்று எப்படித் தெரிந்துகொள்வது? எல்எம்ஹோஸ்ட்ஐடி தரும் பட்டியலை ஐபி லிங்க் தரும் பட்டியலோடு ஒவ்வொன்றாகப் பொருத்திப் பாருங்கள். முன்னொட்டே பாதி சொல்லிவிடும். 52:54:00 என்றால் கேவிஎம் கொடுத்த முகவரி. 08:00:27 விர்ச்சுவல்பாக்ஸ். 00:50:56 விஎம்வேர். முதல் பைட்டின் இரண்டாம் எழுத்து 2, 6, ஏ, ஈ ஆகிய நான்கில் ஒன்றாக இருந்தால் அது ‘உள்ளூரில் வைத்த’ முகவரி, தயாரிப்பாளர் கொடுத்ததல்ல. இந்தக் கணக்கில் 52-உம் உள்ளூர் வகைதான். ஆனால் கேவிஎம் அந்த எண்ணை விஎம்மின் எக்ஸ்எம்எல் வரையறையில் எழுதி வைத்துக்கொள்கிறது, எனவே ரீபூட்டில் மாறாது. விஎம்மை ஓட்டும் தாய் இயந்திரத்தில் வர்ஷ் டம்ப்எக்ஸ்எம்எல் ஓட்டி அந்த வரி இருப்பதைக் கண்ணால் பார்த்துவிட்டு எண்ணை அனுப்புங்கள். வர்ப்ஆர்0 என்ற பாலத்துக்கும் 52:54:00 முன்னொட்டுதான் என்பதால், விஎம்முக்குள்ளேயே இன்னொரு லிப்வர்ட் (விஎம்களை நிர்வகிக்கும் சேவை) ஓடினால் ஏமாறாதீர்கள்.

எங்கெல்லாம் மாறும்: விஎம்மை குளோன் செய்தால் புதிய மேக் (இந்த நெட்வொர்க் முகவரியின் பெயர்) வரும். விஎம்வேரில் ‘நகர்த்தினீர்களா, பிரதி எடுத்தீர்களா’ என்ற கேள்விக்குப் பிரதி என்று சொன்னாலும் புதிய மேக்தான். ஏடபிள்யூஎஸ்ஸில் இன்ஸ்டன்ஸை அழித்துப் புதிதாக எழுப்பினால் மாறும்; ஆனால் தனி நெட்வொர்க் இன்டர்ஃபேஸ் ஒன்றை உருவாக்கி அதன் மேக்குக்கு லைசென்ஸ் வாங்கினால், அந்த இன்டர்ஃபேஸைக் கழற்றி வேறு இன்ஸ்டன்ஸில் மாட்டலாம், மேக் கூடவே வரும். நேரடி வன்பொருளில் பாண்டிங் (இரண்டு அட்டைகளை ஒன்றாக இணைப்பது) போட்டிருந்தால் இரண்டு அட்டைகளும் ஒரே மேக்கைக் காட்டும். அட்டையின் சொந்த முகவரியை ஈத்டூல் -பி காட்டும். பி பெரிய எழுத்து.

டாக்கர்0-க்குப் பழைய எண்ணைக் கையால் வைத்துவிட்டால் போதுமே என்று தோன்றும். ஐபி லிங்க் செட் போட்டால் டீமன் ஒத்துக்கொள்ளவும் செய்யும். ஆனால் லைசென்ஸ் கட்டிய முகவரியை இப்படிப் புனைவதை ஒப்பந்தங்கள் பொதுவாக அனுமதிப்பதில்லை. அதைவிட, டாக்கர் அந்தப் பாலத்தை மறுபடி கட்டும் அன்று பன்னிரண்டு பேரும் வேலையின்றி உட்காருவார்கள். இரண்டு நாள் காத்திருப்பதே மேல். அதோடு, லைசென்ஸ் சர்வர் ஓடும் விஎம்மில் டாக்கர் எதற்கு?

மின்மினி_எட்டு

எல்எம்ஹோஸ்ட்ஐடி வெற்று மேற்கோளையோ பன்னிரண்டு பூஜ்யத்தையோ கொடுத்தால் அது வேறு நோய், தேடி வருபவர்களுக்காக எழுதுகிறேன். பழைய ஃப்ளெக்ஸ்நெட் பதிப்புகள் ஈத்0, ஈத்1 என்ற பெயர்களை மட்டுமே தேடும். இப்போதைய சிஸ்டம்டி அட்டைகளுக்கு ஈஎன்எஸ்18 போன்ற பெயர் வைக்கிறது. பழைய பைனரிக்கு அது கண்ணில் படாது. முதலில் வெண்டாரிடம் புதிய டீமன் தொகுப்பு இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால் க்ரப் கர்னல் வரியில் நெட்.இஃப்நேம்ஸ்=0 சேர்த்து, அப்டேட்-க்ரப் ஓட்டி, ரீபூட் செய்ய வேண்டும்.

ரீபூட்டுக்கு முன் நெட்பிளான் கோப்பை (உபுண்டுவின் நெட்வொர்க் அமைப்பு) திருத்த மறக்காதீர்கள். அதில் ஈஎன்எஸ்18 என்றே எழுதியிருந்தால், எழும்பும் இயந்திரத்தில் அந்தப் பெயரில் அட்டை இருக்காது, ஐபி வராது, எஸ்எஸ்எச் போய்விடும். கன்சோல் வழியாக மட்டுமே உள்ளே போக முடியும்.

புதிய கோப்பு வந்ததும் இன்னொரு கண்ணி காத்திருக்கிறது. மின்னஞ்சல் உடலில் ஒட்டி அனுப்பியதை நகலெடுக்காதீர்கள், இணைப்பாகக் கேளுங்கள். உடலில் வருவது வழியில் எங்காவது கெட்டுப்போகும்: நீண்ட வரி உடையும், நேர் மேற்கோள்கள் வளைந்த மேற்கோள்களாக மாறும், வெற்றிடம் உடையா வெற்றிடமாக மாறும். விண்டோஸ் நோட்பேடில் திறந்து சேமித்தால் ஒவ்வொரு வரி முடிவிலும் கேரியேஜ் ரிட்டர்ன் ஒட்டிக்கொள்ளலாம், கோப்பின் தலையில் மூன்று பைட் பிஓஎம் (கண்ணுக்குத் தெரியாத குறியீட்டு அடையாளம்) ஏறலாம். லைசென்ஸ் கோப்பில் வரி நீள்வதைக் காட்டப் பின்சாய்கோடு போடுவார்கள். அது வரியின் கடைசி எழுத்தாக இருக்க வேண்டும். அதன் பின்னால் ஒரு வெற்றிடம் ஒளிந்திருந்தாலும் தொடர்ச்சி அறுந்துவிடும். கேட் -ஏ போட்டுப் பாருங்கள், ஏ பெரிய எழுத்து. வரி முடிவில் டாலர் குறி மட்டும் நிற்க வேண்டும். அதற்கு முன் தொப்பிக்குறியும் எம் எழுத்தும் தெரிந்தால் டாஸ்2யுனிக்ஸ் ஓட்டுங்கள்.

கோப்பில் எதைத் தொடலாம் என்பது பலருக்குத் தெளிவில்லை. சர்வர் வரியில் இயந்திரப் பெயரையும் போர்ட் எண்ணையும் மாற்றலாம். வெண்டார் வரியில் டீமனின் பாதையை எழுதலாம், போர்ட் சேர்க்கலாம். ஹோஸ்ட் ஐடியைத் தொடக் கூடாது. கையொப்பம் அதையும் சேர்த்துத்தான் கணக்கிடப்பட்டது. இன்கிரிமென்ட் வரியில் (எந்த வசதிக்கு எத்தனை லைசென்ஸ் என்று சொல்வது) காலாவதித் தேதி, எண்ணிக்கை, பதிப்பு எதையும் தொடக் கூடாது. தொட்டால் வருவது பிழை -8: சாவியும் விவரமும் பொருந்தவில்லை. ‘சாவி தவறு’ என்று உண்மையிலேயே சொல்லும் பிழை இதுதான். அதுவும் பெரும்பாலும் நகலெடுத்ததில் வந்த கோளாறு. கையொப்பம் பதினாறடிமான எண், அதில் பூஜ்யம் வரலாம், ஓ என்ற எழுத்து வரவே வராது. படத்திலிருந்து பார்த்துத் தட்டியவர்கள் முதலில் அதைத் தேடுங்கள்.

புதுப்பித்த கோப்பைப் பழையதோடு ஒட்டிவைக்கும் பழக்கம் இருந்தால் ஒரு வார்த்தை: ஒரே பெயரில் இரண்டு ஃபீச்சர் வரிகள் இருந்தால் முதலாவது மட்டுமே எடுபடும், காலாவதியான பழைய வரி மேலே இருந்தால் புதியது கீழே சும்மா கிடக்கும். இன்கிரிமென்ட் வரிகள் கூட்டிக்கொள்ளப்படும்.

கரையோரக்காகம்

டாக்கரைக் கழற்றிவிட்டேன். 5254-இல் தொடங்கும் எண்ணுக்கு ரீஹோஸ்ட் வந்துவிட்டது, இணைப்பாகவே வாங்கினேன். லாக் சுத்தம். சர்வரிலேயே எல்எம்யூடில் எல்எம்ஸ்டாட் -ஏ போட்டால் 12-உம் காட்டுகிறது, வெண்டார் டீமன் எழும்பியிருக்கிறது என்கிறது.

ஆனால் பயனர் இயந்திரங்களில் -15, ‘லைசென்ஸ் சர்வரோடு இணைக்க முடியவில்லை’. ஒரு இயந்திரத்தில் மட்டும் -96. ஃபயர்வாலில் 27000 திறந்திருக்கிறது. பயனர் பக்கம் எல்எம்_லைசென்ஸ்_ஃபைல் என்ற சூழல் மாறியில் 27000@ என்று போட்டு சர்வரின் ஐபியைக் கொடுத்திருக்கிறேன்.

டெர்மினல்திண்ணை

27000 பாதிதான். இரண்டு டீமன்கள் இருக்கின்றன, இரண்டுக்கும் தனித்தனிப் போர்ட். பயனர் முதலில் 27000-இல் எல்எம்ஜிஆர்டியைக் கூப்பிடுவார். அது ‘வெண்டார் டீமன் இன்ன போர்ட்டில் இருக்கிறது, அங்கே போ’ என்று அனுப்பிவிடும். வெண்டார் வரியில் போர்ட் எழுதாவிட்டால் அந்த டீமன் ஒவ்வொரு முறை எழும்பும்போதும் ஏதோ ஒரு காலிப் போர்ட்டைப் பிடித்துக்கொள்ளும். அதை நீங்கள் ஃபயர்வாலில் திறந்திருக்க வழியில்லை. சர்வருக்குள்ளேயே சோதித்தால் ஃபயர்வால் குறுக்கே வராது, அதனால்தான் எல்எம்ஸ்டாட் அங்கே சிரிக்கிறது.

கோப்பின் முதல் இரண்டு வரிகள் இப்படி இருக்கட்டும்:

சர்வர் லிக்01 525400817326 27000
வெண்டார் (டீமன் பெயர்) போர்ட்=27001

மாற்றிய பிறகு எல்எம்டவுன் கொடுத்து முழுதாக நிறுத்தி எழுப்புங்கள். எல்எம்ரீரீட் போதாது, சர்வர் பெயரும் போர்ட்டும் மாறினால் மறுவாசிப்பு எடுபடாது. எஸ்எஸ் -எல்டிஎன்பி போட்டு 27000-இல் எல்எம்ஜிஆர்டியும் 27001-இல் வெண்டார் டீமனும் நிற்பதைப் பாருங்கள். யுஎஃப்டபிள்யூவில் (உபுண்டுவின் ஃபயர்வால்) 27000:27001 என்று வரம்பாக, டிசிபிக்கு, உங்கள் உள்வலையிலிருந்து மட்டும் திறந்துவிடுங்கள். பயனர் இயந்திரத்திலிருந்து என்சி -இசட்வி லிக்01 27001 என்று தட்டினால் ஒரு விநாடியில் தெரிந்துவிடும்.

-15 செய்தியின் அடியில் சிஸ்டம் எரர் என்று ஓர் எண் இருக்கும், பலர் அதைப் படிப்பதே இல்லை. 111 என்றால் இணைப்பு மறுக்கப்பட்டது: இயந்திரம்வரை போய்விட்டீர்கள், அந்தப் போர்ட்டில் ஆளில்லை. 110 அல்லது 115 என்றால் பதிலே வரவில்லை: பெரும்பாலும் ஃபயர்வால் சத்தமில்லாமல் விழுங்குகிறது. முதலாவதற்கு டீமனைப் பாருங்கள், இரண்டாவதற்கு வலையைப் பாருங்கள்.

இனி -96. ஐபி கொடுத்தால் பெயர் தேவைப்படாது என்று நினைப்பீர்கள். ஆனால் எல்எம்ஜிஆர்டி பயனருக்குத் திருப்பித் தருவது சர்வர் வரியில் உள்ள பெயரை. பயனர் இயந்திரம் லிக்01 என்பதை ஐபியாக மாற்றத் தெரியாமல் முழிக்கலாம். அந்த இயந்திரத்தில் கெட்என்ட் ஹோஸ்ட்ஸ் லிக்01 ஓட்டுங்கள். பதில் வராவிட்டால் டிஎன்எஸ்ஸில் சேர்க்க வேண்டும், அல்லது சர்வர் வரியில் முழுப் பெயரை எழுத வேண்டும்.

சர்வரின் /ஈடிசி/ஹோஸ்ட்ஸ் கோப்பையும் பாருங்கள். டெபியன், உபுண்டு நிறுவல்களில் இயந்திரப் பெயருக்கு நேரே 127.0.1.1 இருக்கும். தன் பெயரைக் கேட்டால் தன் வாலையே காட்டும் ஏற்பாடு அது. லைசென்ஸ் சர்வரில் அந்த வரியை எடுத்துவிட்டு உண்மையான ஐபியைப் போடுங்கள்.

பழையபைப்லைன்

பயனர் இயந்திரங்களில் இன்னும் ஓரிடம் பாருங்கள்: வீட்டு அடைவில் .ஃப்ளெக்ஸ்எல்எம்ஆர்சி என்ற மறைகோப்பு. ஒருமுறை வெற்றிகரமாக இணைந்த சர்வரின் முகவரியைப் பல மென்பொருள்கள் அதில் எழுதி வைத்துவிடும். சர்வரை மாற்றிய பிறகும் செத்துப்போன பழைய முகவரியைத் தேடிக்கொண்டிருப்பது இதனால்தான். மென்பொருள் திறக்க ஒரு நிமிடம் எடுத்துவிட்டுப் பிறகு ஒழுங்காக வேலை செய்தாலும் இதே சந்தேகம்தான். கோப்பைத் திறந்து பழைய வரியை நீக்குங்கள்.

மாறியில் இரண்டு சர்வர் கொடுப்பதானால் லினக்ஸில் நடுவே முக்காற்புள்ளி, விண்டோஸில் அரைப்புள்ளி. விண்டோஸ் வழிகாட்டியிலிருந்து அப்படியே ஒட்டினால் ஷெல் அரைப்புள்ளியோடு கட்டளையை வெட்டிவிடும், இரண்டாவது சர்வர் காற்றோடு போகும்.

ரூட்டுக்குமேலே

கையால் எழுப்புவதோடு விடாமல், ரீபூட்டில் தானாகத் தொடங்கும்படி சிஸ்டம்டி சேவையாகப் போட்டுவிடுங்கள். உள்நுழைய முடியாத ஒரு சிஸ்டம் பயனரை யூசர்ஆட் -ஆர் மூலம் உருவாக்கி, லைசென்ஸ் கோப்பைப் படிக்கவும் லாக் அடைவில் எழுதவும் அவருக்கு அனுமதி கொடுங்கள்.

யூனிட் கோப்பில் தவறு நடப்பது டைப் வரியில். எல்எம்ஜிஆர்டி இயல்பாகவே பின்னணிக்குப் போய்விடும் டீமன். டைப் சிம்பிள் என்று எழுதினால், தாய் ப்ராசஸ் முடிந்ததும் சேவை முடிந்துவிட்டதாக சிஸ்டம்டி முடிவுகட்டி, மிச்சமிருக்கும் பிள்ளைகளையும் கொன்றுவிடும். டைப் ஃபோர்க்கிங் என்று எழுதுங்கள். இல்லையேல் எல்எம்ஜிஆர்டிக்கு -இசட் கொடுத்து முன்னணியிலேயே நிறுத்தி, டைப் சிம்பிள் வையுங்கள். எனக்கு இரண்டாவது பிடிக்கும். எது செத்தது என்பது ஜர்னலில் நேராகத் தெரியும். -சி-க்குப் பின் லைசென்ஸ் கோப்பின் முழுப் பாதை; -எல்-க்குப் பின் லாகின் பாதை, அதன் முன்னே ஒரு கூட்டல் குறி. கூட்டல் குறி இல்லாவிட்டால் ஒவ்வொரு எழுப்பலிலும் பழைய லாக் அழிந்துபோகும், நேற்றிரவு என்ன நடந்தது என்று பார்க்க ஒன்றும் மிஞ்சாது. -2 -பி சேர்த்தால் எல்எம்டவுனை யார் வேண்டுமானாலும் கொடுக்க முடியாது. எல்எம்அட்மின் என்ற குழு இருந்தால் அதில் உள்ளவர்கள் மட்டும், இல்லாவிட்டால் ரூட் மட்டும். உங்கள் சேவைப் பயனரே எல்எம்டவுன் கொடுக்கப்போவதால் அவரை அந்தக் குழுவில் சேர்த்துவிடுங்கள்.

ஆஃப்டர், வான்ட்ஸ் இரண்டிலும் நெட்வொர்க்-ஆன்லைன்.டார்கெட் எழுதுங்கள். எழுதாவிட்டால் ரீபூட்டில் ஐபி வரும் முன்பே டீமன் எழும்பப் பார்க்கும். எக்செக்ஸ்டாப்பில் எல்எம்யூடில் எல்எம்டவுன் -கியூ. கில் -9 வேண்டவே வேண்டாம். எல்எம்ஜிஆர்டி மட்டும் சாகும், வெண்டார் டீமன் அனாதையாக ஓடிக்கொண்டே பூட்டைப் பிடித்திருக்கும், புதியது எழும்பாது. ஏற்கெனவே அடித்துவிட்டீர்கள் என்றால் வெண்டார் டீமனையும் தேடி நிறுத்திய பிறகே மறுபடி தொடங்குங்கள். ஒழுங்காக நிறுத்தினாலும் உடனே எழுப்பினால் ‘லைசென்ஸில் உள்ள டிசிபி போர்ட்டைத் திறக்க முடியவில்லை’ என்று வரலாம். பழைய இணைப்புகள் முழுதாக மூட லினக்ஸில் 60 விநாடி ஆகும், பொறுங்கள்.

சிஸ்டம்சிடிஎல் ஸ்டேட்டஸில் 203/எக்செக் என்று வந்தால் பைனரியை ஏற்றவே முடியவில்லை என்று பொருள். லோடர் லிங்க் போடாத இயந்திரத்திலும் இது வரும். எஸ்ஈலினக்ஸ் (கோப்புகளுக்கு லேபிள் ஒட்டி அனுமதி தரும் பாதுகாப்பு அமைப்பு) உள்ள இயந்திரங்களில் இன்னொரு காரணம்: வீட்டு அடைவில் இறக்கிய கோப்பை எம்வி போட்டு /ஆப்ட்டுக்கு நகர்த்தியிருப்பீர்கள். எம்வி பழைய லேபிளையும் கூடவே தூக்கிக்கொண்டு வரும், வீட்டு லேபிள் உள்ள பைனரியை ஓட்ட சிஸ்டம்டிக்கு அனுமதி இல்லை. ரெஸ்டோர்கான் -ஆர்வி /ஆப்ட்/ஃப்ளெக்ஸ்எல்எம் ஓட்டினால் சரியாகிவிடும். ஆர் பெரிய எழுத்து, வி சிறியது. எஸ்ஈலினக்ஸை அணைக்கச் சொல்லும் வழிகாட்டிகளைத் தாண்டிப் போங்கள்.

கரையோரக்காகம்

எல்லாம் எழும்பிவிட்டது. -15-க்குக் காரணம் வெண்டார் போர்ட்தான், சிஸ்டம் எரர் 115 என்று இருந்தது. -96 வந்த இயந்திரம் வேறு டிஎன்எஸ்ஸைப் பார்த்துக்கொண்டிருந்தது. இரண்டு முறை ரீபூட் செய்தும் சேவை தானாக எழுகிறது.

கடைசியாக ஒன்று: அடுத்த ஆண்டு புதுப்பித்த கோப்பு வரும்போது பயனர்கள் வேலையில் இருக்கையிலேயே மாற்ற முடியுமா?

டெர்மினல்திண்ணை

முடியும், சர்வர் வரியும் போர்ட்டும் மாறாதவரை. வெண்டார் அனுப்பும் புதிய கோப்பில் உங்கள் போர்ட்=27001 இருக்காது, சர்வர் பெயரும் வேறாக இருக்கலாம்; முதலில் அந்த இரண்டு வரிகளை இப்போதைய கோப்பிலிருந்து எடுத்துப் போடுங்கள். ஹோஸ்ட் ஐடி ஒன்றேதானா என்று ஒப்பிடுங்கள். பழைய கோப்பை வேறு அடைவுக்கு நகர்த்துங்கள். -சி-க்குக் கோப்புக்குப் பதில் அடைவைக் கொடுத்திருந்தால் .எல்ஐசி என்று முடியும் எல்லாவற்றையும் அது படிக்கும். புதியதை அதே பெயரில் வைத்து எல்எம்ரீரீட் கொடுங்கள். எல்எம்ஸ்டாட் -ஐ போட்டுப் புதிய காலாவதித் தேதி வந்திருக்கிறதா என்று பாருங்கள். வராவிட்டால் மாலை 6 மணிக்கு மேல் நிறுத்தி எழுப்புங்கள்.